மறுவருகையும் குறியீடும்: காயம் ஆறும் காலத்தில் கட்டணச் சீட்டைப் படித்தறிதல்

சம்பா அறுவடைக் காலத்தில் எலும்பு முறிவுப் பிரிவின் வெளிநோயாளர் கூடத்தில் ஒரு காட்சியை அடிக்கடி காணலாம். கொள்முதல் நிலையத்துக்கு நெல் ஏற்றிவிட்டு இரவில் வீடு திரும்பும்போது இருசக்கர வாகனம் சறுக்கி விழுந்தவர், கதிரடிக்கும் இயந்திரத்தில் கை சிக்கியவர், வரப்பில் டிராக்டர் கவிழ்ந்து அடிபட்டவர் எனப் பலரும் தையல் பிரிப்பதற்காகவோ, மாவுக்கட்டைப் பார்ப்பதற்காகவோ வந்து அமர்ந்திருப்பர். அவர்களுடன் வந்த மனைவியோ மகனோ கையில் ஒரு சீட்டை வைத்துக்கொண்டு கட்டண அலுவலரிடம் கேட்கும் கேள்வி பெரும்பாலும் ஒன்றே: “அறுவைச் சிகிச்சைக்குக் காப்பீட்டில் பணம் கேட்கவில்லை, இன்றைக்கு மட்டும் ஏன் கேட்கிறீர்கள்?”

அக்கேள்விக்கான விடையின் பெரும்பகுதி அந்தச் சீட்டில் ஓர் எழுத்தாகவும் இரண்டு மூன்று எண்களாகவும் எழுதப்பட்டிருக்கிறது. அதையே குறியீடு என்கிறோம். காயத்துக்குப் பிந்தைய மறுவருகைகளின்போது குறியீடு எவ்வாறு மாறுகிறது, அம்மாற்றத்தால் யார் பணம் செலுத்த வேண்டியவர் ஆகிறார், நோயாளியின் குடும்பம் எதைச் சரிபார்க்க வேண்டும் என்பவற்றை இக்கட்டுரை விளக்குகிறது.

இரு வகைக் குறியீடுகள்

மருத்துவமனையின் தாள்களில் இரண்டு வகைக் குறியீடுகள் இடம்பெறும். இவற்றைப் பிரித்தறிவது முதற்படி.

முதலாவது நோய்க் குறியீடு. உடலுக்கு என்ன நேர்ந்தது என்பதை இது சொல்கிறது. உலக நலவாழ்வு நிறுவனம் வெளியிடும் பன்னாட்டு நோய் வகைப்பாட்டிலிருந்து இது எடுக்கப்படுகிறது. மருத்துவமனைகளில் இதனை ஐ.சி.டி. குறியீடு என்பர். இதன் பத்தாம் பதிப்பு 1990ஆம் ஆண்டு உலக நலவாழ்வுப் பேரவையால் ஏற்கப்பட்டது. பதினோராம் பதிப்பு 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தபோதிலும், நம் மருத்துவமனைத் தாள்களிலும் காப்பீட்டுப் படிவங்களிலும் பத்தாம் பதிப்பின் குறியீடுகளே இன்னும் பரவலாகக் காணப்படுகின்றன.

இரண்டாவது சிகிச்சைக் குறியீடு. மருத்துவமனை என்ன செய்தது என்பதையும், அதற்கு எவ்வளவு தொகை என்பதையும் இது குறிக்கிறது. அரசுக் காப்பீட்டுத் திட்டங்களில் இது பேக்கேஜ் குறியீடு எனப்படும். தேசியத் திட்டமான ஆயுஷ்மான் பாரத்தின் பட்டியலில் எஸ்.பி. என்ற எழுத்துகளுடன் தொடங்குவது எலும்பு முறிவுச் சிகிச்சை, எஸ்.டி. என்று தொடங்குவது பல இடங்களில் ஒருசேர ஏற்பட்ட காயங்களுக்கான சிகிச்சை.

பணம் தரும் நிறுவனம் இரண்டையும் ஒப்பிட்டுப் பார்க்கும். காயத்துக்கும் சிகிச்சைக்கும் பொருத்தம் இருந்தால் தொகை வழங்கப்படும். பொருத்தம் இல்லையெனில் விளக்கம் கேட்கப்படும், அல்லது கோரிக்கை மறுக்கப்படும். அந்த அலுவலர் உங்களை நேரில் கண்டதில்லை. உங்கள் காயத்தைப் பற்றி அவர் அறிவது அத்தாளில் எழுதப்பட்டிருப்பதை மட்டுமே.

காயத்தின் குறியீட்டைப் படிப்பது எப்படி?

ஓர் எடுத்துக்காட்டைக் கொள்வோம். ஒருவர் இருசக்கர வாகனத்திலிருந்து விழுந்ததில் முழங்காலுக்குக் கீழுள்ள பெரிய எலும்பின் நடுத்தண்டு முறிந்துவிட்டது. இதற்கான குறியீடு எஸ் 82.2. எஸ் என்பது காயம். 82 என்பது கீழ்க்கால் எலும்பு முறிவு. புள்ளிக்குப் பின்வரும் 2 என்பது அந்தப் பெரிய எலும்பின் தண்டு. இதன்பின் மேலும் ஓர் எண் சேர்க்கப்படலாம்: 0 என்றால் தோல் கிழியாத மூடிய முறிவு, 1 என்றால் தோல் கிழிந்த திறந்த முறிவு. திறந்த முறிவுக்குச் சீழ்ப்பிடிக்கும் ஆபத்து மிகுதி, சிகிச்சையும் நீளும். எனவே இந்தக் கடைசி எண்ணும் பொருளற்றதன்று.

காயம் எதனால் ஏற்பட்டது என்பதற்கும் தனிக் குறியீடு உண்டு. இருசக்கர வாகனம் எதனுடனும் மோதாமல் சறுக்கிக் கவிழ்ந்தால் வி 28. குறுக்கே வந்த ஆட்டின் மீதோ மாட்டின் மீதோ மோதினால் வி 20. டிராக்டர் போன்ற வேளாண் வாகனத்தில் இருந்தவருக்கு நேர்ந்த விபத்து வி 84. கதிரடிக்கும் இயந்திரம், அறுவடை இயந்திரம் முதலியவற்றின் பாகங்களில் சிக்கினால் டபிள்யூ 30. அது வயலிலோ களத்திலோ நிகழ்ந்திருந்தால் டபிள்யூ 30.7.

சாலை விபத்தில் வாகனத்தை ஓட்டியவருக்கு வி 28.4, பின்னால் அமர்ந்து வந்தவருக்கு வி 28.5. வேறுபாடு ஒரே ஓர் எண்தான். ஆயினும் இழப்பீடு கோரும்போது ஓட்டியவருக்கும் பின்னிருக்கையில் இருந்தவருக்கும் உரிய வழிகள் வெவ்வேறானவை. பரபரப்பில் யார் ஓட்டினார் என்பதை மாற்றிச் சொல்லிவிட்டால், அது விபத்துப் பதிவேட்டிலும் பின்னர் எல்லாத் தாள்களிலும் தொடரும். முதல் நாளில் மருத்துவரிடம் நடந்ததை நடந்தவாறே சொல்வது பல மாதங்களுக்குப் பின் பயன்தரும்.

மறுவருகையில் மாறுவது என்ன?

காயம் புதிதாக இருக்கும்போது எழுதப்படும் குறியீடே ஒவ்வொரு வருகைக்கும் தொடர்வதில்லை. மறுவருகையின் நோக்கத்தைப் பொறுத்து மூன்று நிலைகள் உள்ளன.

முதல் நிலை, இயல்பான தொடர்கவனிப்பு. எலும்பு எதிர்பார்த்தவாறு கூடிவருகிறது. நோயாளி பரிசோதனைக்காக மட்டும் வருகிறார். இவ்வருகைகளுக்குரியவை பெரும்பாலும் இசட் என்னும் எழுத்தில் தொடங்கும். கட்டு மாற்றுவதற்கும் தையல் பிரிப்பதற்கும் இசட் 48.0, மாவுக்கட்டைச் சரிபார்க்கவோ அகற்றவோ இசட் 47.8, இயன்முறைச் சிகிச்சைக்கு இசட் 50.1; உள்ளே வைத்த தகட்டையோ ஆணியையோ எடுப்பதற்கு இசட் 47.0.

இரண்டாம் நிலை, சிக்கல். பொருத்திய ஆணியைச் சுற்றிச் சீழ்ப்பிடித்தால் டி 84.6. எலும்பு கூடாமலே நின்றுவிட்டால் எம் 84.1, கோணலாகக் கூடினால் எம் 84.0. இவை வெறும் பரிசோதனை வருகைகள் அல்ல; சிகிச்சை தேவைப்படும் புதிய நிலைகள்.

மூன்றாம் நிலை, பின்விளைவு. காயம் ஆறிவிட்டது, ஆனால் மூட்டு இறுகியோ கால் குட்டையாகியோ நிலையான குறை தங்கிவிட்டது. கீழ்க்கால் முறிவின் பின்விளைவுக்கு டி 93.2. காயம்பட்டு ஓராண்டோ அதற்கு மேலோ ஆன பின்னரும் நீடிக்கும் குறைகளைப் பின்விளைவு என்னும் வகையில் சேர்க்கலாம் என்று உலக நலவாழ்வு நிறுவனத்தின் வகைப்பாடே விதி கூறுகிறது.

அமெரிக்காவில் இம்மூன்று நிலைகளுள் முதலையும் கடைசியையும் காயத்தின் குறியீட்டிலேயே ஏழாவது எழுத்தாகச் சேர்த்துவிடுகின்றனர். தீவிரச் சிகிச்சை நடைபெறும் காலத்துக்கு ஏ, எலும்பு இயல்பாக ஆறிவரும் காலத்துக்கு டி, பின்விளைவுக்கு எஸ். அங்கே மருத்துவ முதியோர் காப்பீட்டில் பெரிய அறுவைச் சிகிச்சைக்கான தொகையிலேயே அடுத்த 90 நாள்களின் வழக்கமான மறுவருகைகளும் அடங்கும். அவ்வருகைகளுக்கு 99024 என்ற, கட்டணமில்லாத தனி எண் இடப்படுகிறது. வெளிநாட்டில் வாழும் பிள்ளைகளிடம் சென்றிருக்கும்போது அடிபட்ட பெற்றோரின் சீட்டுகளில் இவ்வெழுத்துகளைக் காணலாம். கருத்து அங்கும் இங்கும் ஒன்றே: சிகிச்சை முடிந்த அன்றே அதன் தொகைக்குரிய பொறுப்பு முடிந்துவிடுவதில்லை, குறிப்பிட்ட காலம் வரை தொடர்கிறது.

அந்தக் காலம் எத்தனை நாள்?

இங்குதான் பல குடும்பங்கள் தடுமாறுகின்றன. ஒவ்வொரு திட்டத்துக்கும் எல்லை வேறு.

“இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48” என்னும் தமிழக அரசின் திட்டம் 2021 டிசம்பர் 18 அன்று தொடங்கப்பட்டது. தமிழ்நாட்டுச் சாலைகளில் விபத்துக்குள்ளாகும் எவருக்கும், காப்பீட்டு அட்டை இருப்பினும் இல்லாவிடினும், முதல் 48 மணி நேரச் சிகிச்சையை இது ஏற்கிறது. உயிர்காக்கும் நேரத்துக்கான திட்டம் இது. பன்னிரண்டாம் நாள் தையல் பிரிப்பு இதன் எல்லைக்குள் வராது.

2025 மே 5 அன்று அறிவிக்கை செய்யப்பட்ட நடுவணரசின் சாலை விபத்துக் கட்டணமில்லாச் சிகிச்சைத் திட்டம், மோட்டார் வாகன விபத்தில் காயமடைந்தவருக்கு விபத்து நாளிலிருந்து ஏழு நாள் வரை, 1.5 லட்சம் ரூபாய் வரையிலான சிகிச்சையை ஏற்கிறது. எட்டாம் நாள் முதல் வேறு வழி தேட வேண்டும்.

முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டம், ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்கு மிகாத குடும்பங்களுக்கு உரியது. குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை பயன்பெறலாம். 2018 செப்டம்பர் முதல் ஆயுஷ்மான் பாரத்துடன் இணைந்து இது செயல்படுகிறது. தேசியத் திட்டத்தின் விதிப்படி, அனுமதிக்கப்படுவதற்கு 3 நாள் முன்பும், விடுவிக்கப்பட்ட பின் 15 நாள் வரையும் ஆகும் பரிசோதனை, மருந்துச் செலவுகள் பேக்கேஜுக்குள் அடங்கும். மாநிலத் திட்டத்தில் தொடர் சிகிச்சைகளுக்கும் பரிசோதனைகளுக்கும் தனிப்பட்டியல் உண்டு. பட்டியலில் உள்ள சிகிச்சைக்கு முன்னனுமதி பெற்றால் மட்டுமே தொகை கிடைக்கும். பணம் கட்டிவிட்டுப் பின்னர் கேட்பது பயன்தராது.

தனியார் காப்பீடுகளில் எல்லை சற்று நீளும். 2020 ஏப்ரல் முதல் எல்லா நிறுவனங்களும் ஒரே நிபந்தனைகளுடன் விற்கும் ‘ஆரோக்கிய சஞ்சீவனி’ பாலிசியை எடுத்துக்கொண்டால், அனுமதிக்கு முந்தைய 30 நாள்களும் விடுவிப்புக்குப் பிந்தைய 60 நாள்களும் அடங்கும். அந்தப் பிந்தைய செலவுகளுக்கான ரசீதுகளை, அச்சிகிச்சை முடிந்த 15 நாள்களுக்குள் அனுப்ப வேண்டும். உள்நோயாளராக இருந்த அதே காயத்துக்கான செலவாக அது இருக்க வேண்டும் என்பது இன்றியமையாத நிபந்தனை. ரசீதில் ‘பரிசோதனை’ என்று மட்டும் எழுதி, எந்தக் காயம் என்று எழுதாமல் விட்டால், இந்த நிபந்தனை நிறைவேறியதை மெய்ப்பிக்க வழியில்லை.

ஒரே கால், ஓராண்டுக் கணக்கு

மேற்கூறிய எடுத்துக்காட்டையே தொடர்வோம். கீழ்க்கால் முறிந்தவருக்கு ஆணி பொருத்தி ஐந்தாம் நாள் வீட்டுக்கு அனுப்பினர். தனியார் பாலிசி ஒன்று அவரிடம் இருப்பதாகக் கொள்வோம். பன்னிரண்டாம் நாள் தையல் பிரிப்பு, ஆறாம் வாரம் எக்ஸ்ரே, இடையே இயன்முறைச் சிகிச்சை ஆகியவை 60 நாள் எல்லைக்குள் வருகின்றன. எஸ் 82.2 என்னும் மூலக் குறியீடும் அன்றைய வருகைக்குரிய இசட் குறியீடும் சேர்ந்திருந்தால் தொகை கோரலாம்.

நான்காம் மாதம் காலில் வீக்கமும் சீழும் காண்கின்றன. அவர் அனுமதிக்கப்பட்டு மீண்டும் அறுவைச் சிகிச்சை செய்யப்படுகிறது. 60 நாள்கள் கடந்துவிட்டனவே என்று குடும்பத்தினர் தாமே முடிவுசெய்து கைப்பணத்தைச் செலவழிப்பது இங்கே நடக்கும் தவறு. டி 84.6 என்னும் சிக்கலுக்காக அனுமதிக்கப்பட்டால், அது புதிய உள்நோயாளர் அனுமதியாகும். அதற்கெனப் புதிய 30 நாள், 60 நாள் கணக்கு தொடங்கும். ஆனால் தாளில் இசட் 47.8 என்று, வழக்கமான மறுவருகையைப் போல் எழுதப்பட்டிருந்தால் கோரிக்கை மறுக்கப்படக்கூடும்.

ஓராண்டுக்குப் பின் ஆணியை எடுக்க வருகிறார். இது இசட் 47.0. முன்பே திட்டமிட்டுச் செய்யும் சிகிச்சையாதலால், அனுமதி கேட்க நேரம் இருக்கிறது. தேசியத் திட்டத்தின் பட்டியலில் உள்ளே பொருத்திய பொருளை அகற்றுவதற்கென்றே பேக்கேஜ்கள் உள்ளன. தேதி குறிப்பதற்கு முன் காப்பீட்டுப் பிரிவில் கேட்டுக்கொள்வது நன்று.

ஆணியை எடுத்த பின்னும் கணுக்கால் மடங்கவில்லை. நாற்றங்கால் சேற்றில் இறங்கி நிற்க இயலவில்லை. இப்போது குறியீடு டி 93.2. காப்பீட்டுக் கோரிக்கையைவிட இழப்பீட்டுக்கே இது பெரிதும் பயன்படும்.

இழப்பீட்டுக்கும் இதே தாள்கள்தாம்

சாலை விபத்தில் காயமடைந்தோர் மோட்டார் விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் மனுச் செய்யலாம். சிகிச்சைச் செலவு, வருமான இழப்பு, நிலையான குறைபாட்டால் ஏற்படும் வருங்கால இழப்பு, வருங்காலச் சிகிச்சைச் செலவு எனத் தனித்தனித் தலைப்புகளில் தீர்ப்பாயம் தொகையைக் கணிக்கும். மோட்டார் வாகனச் சட்டத்தின் 2019ஆம் ஆண்டுத் திருத்தம் விபத்து நாளிலிருந்து ஆறு மாதங்கள் என்னும் கால வரையறையை விதித்துள்ளது. அதற்குள் மனுவைத் தாக்கல் செய்துவிடுவதே பாதுகாப்பானது. சிகிச்சை முழுதும் முடியட்டும் என்று காத்திருக்க வேண்டியதில்லை.

தீர்ப்பாயத்தின் முன் மருத்துவர் சாட்சியம் அளிக்கும்போது அவருக்கு ஆதாரமாக இருப்பவை மறுவருகைக் குறிப்புகளே. ஆறு மாதம் மருத்துவமனைப் பக்கமே வராமல் இருந்துவிட்டு, பின்னர் கால் மடங்கவில்லை என்றால், இடையில் வேறு காயம் நேர்ந்ததா என்ற ஐயம் எழும். முதலமைச்சரின் உழவர் பாதுகாப்புத் திட்டத்தின்கீழ் விபத்து உதவி கோரும் விவசாயிகளுக்கும் விவசாயத் தொழிலாளர்களுக்கும் மருத்துவச் சான்றுகள் இன்றியமையாதவை.

ஒவ்வொரு மறுவருகையிலும் சரிபார்க்க வேண்டியவை

1. பெயரும் வயதும் காப்பீட்டு அட்டையில் உள்ளவாறே உள்ளனவா? தந்தை பெயரின் முதலெழுத்து மாறினாலும் கோரிக்கை நின்றுபோகலாம்.

2. எந்தப் பக்கம்? இடக்கால், வலக்கால் என்பது எல்லாத் தாள்களிலும் ஒன்றாக இருக்க வேண்டும். பத்தாம் பதிப்பின் பன்னாட்டுக் குறியீட்டில் இது இடம்பெறாது. சொல்லால் எழுதப்பட்டிருக்க வேண்டும்.

3. விபத்து நாளும் முதற்காயமும் இன்றைய சீட்டில் குறிப்பிடப்பட்டுள்ளனவா? “இன்ன தேதி விபத்தில் ஏற்பட்ட இடக் கீழ்க்கால் முறிவுக்கான மறுவருகை” என்னும் ஒரு வரி போதும்.

4. வருகையின் நோக்கம் சரியாக எழுதப்பட்டுள்ளதா? தொடர்கவனிப்பா, சிக்கலா, பின்விளைவா என்பதை மருத்துவரிடம் நேரடியாகக் கேளுங்கள்.

பிழை இருந்தால் மருத்துவரிடமோ மருத்துவப் பதிவேட்டுப் பிரிவிலோ சொல்லித் திருத்தம் பெறலாம். நீங்களே பேனாவால் அடித்துத் திருத்தாதீர்கள். அத்தகைய தாள் ஏற்கப்படாது. பணம் கிடைக்கும் என்பதற்காக நடக்காததை நடந்ததாக எழுதும்படி மருத்துவரை வற்புறுத்துவதும் கூடாது. பொய்யான ஒரு குறியீடு, உண்மையான பிற கோரிக்கைகளையும் ஐயத்துக்குள்ளாக்கும்.

தாள்கள் தொலைந்துவிட்டால் மனந்தளர வேண்டியதில்லை. இந்திய மருத்துவ மன்றத்தின் 2002ஆம் ஆண்டு நெறிமுறை விதிகளின்படி, உள்நோயாளரின் பதிவுகளை மருத்துவர் மூன்றாண்டுகள் காக்க வேண்டும். நோயாளியோ அவரால் அதிகாரமளிக்கப்பட்டவரோ கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும். விண்ணப்பத்தை எழுத்து மூலம் கொடுத்து ஒப்புதல் பெற்றுக்கொள்ளுங்கள். டிஸ்சார்ஜ் சம்மரி, விபத்துப் பதிவேட்டின் நகல், முதல் தகவல் அறிக்கை, எக்ஸ்ரே படங்கள், மருந்துச் சீட்டுகள், ரசீதுகள் ஆகியவற்றை நாள் வரிசையில் ஒரே கோப்பில் வைத்திருங்கள். மாதிரிக்கு ஒரு படியைக் கைப்பேசியில் படமெடுத்து வைப்பதும் உதவும்.

மாநிலக் காப்பீட்டுத் திட்டம் பற்றிய ஐயங்களுக்கு 1800 425 3993 என்னும் கட்டணமில்லா எண்ணையும், ஆயுஷ்மான் பாரத் பற்றிய ஐயங்களுக்கு 14555 என்னும் எண்ணையும் அழைக்கலாம்.

இறுதியாக ஒன்று

காப்பீடு முடிந்துவிட்டது என்றெண்ணி மறுவருகையை நிறுத்திவிடுவோர் உண்டு. நடவு தொடங்கிவிட்டது, கூலி போய்விடும் என்று தள்ளிப்போடுவோரும் உண்டு. எலும்பு கூடுகிறதா, ஆணி நிலைத்திருக்கிறதா என்பதை வெளியிலிருந்து அறிய இயலாது. நேரில் வர முடியாதோர்க்கு ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தின்கீழ் வீட்டிலேயே இயன்முறைச் சிகிச்சை அளிக்கும் ஏற்பாடு 2021 முதல் உள்ளது. உங்கள் ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேளுங்கள். அரசு மருத்துவமனைகளின் வெளிநோயாளர் பிரிவில் மறுபரிசோதனைக்குக் கட்டணம் இல்லை.

குறியீடு பணம் தருவோருக்காக எழுதப்படுவது. மறுவருகை உங்கள் காலுக்காக. குறியீட்டில் ஐயம் இருந்தால் எங்கள் கட்டணப் பிரிவில் தயங்காமல் கேளுங்கள். அந்த ஐயத்தின் காரணமாக மருத்துவர் குறித்த நாளில் வராமல் மட்டும் இருந்துவிடாதீர்கள்.